ரப்பர் கொட்டையில் உருவான காகித ஜிமிக்கி

சென்ற தீபாவளிக்கு அக்காள் மகளின் பச்சைப் பட்டுப் பாவாடைக்குப் பொருத்தமான ஜிமிக்கி தேடி மலேசியாவின் சுங்கை சிப்புட் கடைத்தெருவை இரண்டு முறை சுற்றினேன். பச்சை மட்டும் இல்லை. "நீங்களே செய்து கொடுங்கள், சின்னம்மா" என்றாள். செய்து கொடுத்தேன். கோயிலை மூன்று சுற்று வருவதற்குள் வலது காது ஜிமிக்கி அமுங்கி அப்பளமாகிவிட்டது. அதன்பின் நான்கு ஜோடிகளைக் குப்பையில் போட்டுக் கற்றுக்கொண்டதுதான் கீழே இருப்பது.

தாள்: சதுர மீட்டருக்கு 120 கிராம் கனமுள்ள ஏ4 வண்ணத் தாள். நீளவாக்கில் 5 மில்லிமீட்டர் பட்டைகளாக, இரும்பு அடிக்கோல் வைத்துக் கத்தியால் வெட்டுங்கள். கத்தரிக்கோல் வேண்டாம், கோணல் பட்டை கோணல் ஜிமிக்கியைத்தான் தரும். ஒரு தாளில் நாற்பது பட்டைகள் தேறும், ஒரு ஜோடிக்கு அது தாராளம். வெட்டிய பட்டைகள் பாக்கெட்டாகவும் விற்கின்றன, அவசரக்காரர்கள் வாங்கிக்கொள்ளலாம்.

சுருட்டுதல்: காகிதப் பட்டை சுருட்டப் பயன்படும், நுனி பிளந்த குவில்லிங் ஊசியில் பட்டையைச் செருகி இறுக்கமாகச் சுற்றுங்கள். ஒன்று முடிந்ததும் அதன் முனையில் அடுத்ததை ஒட்டித் தொடருங்கள். பத்துப் பதினொரு பட்டைகளில் 2.5 சென்டிமீட்டர் அகல வட்டு கிடைக்கும். இரண்டு காதுக்கும் பட்டைகளை எண்ணிச் சுற்றுங்கள், கண்மதிப்பு ஏமாற்றும். பிளவு ஊசி நடுவில் ஓட்டை விடுகிறது என்று பலர் குறை சொல்வார்கள். ஜிமிக்கிக்கு அந்த ஓட்டைதான் வேண்டும், கம்பி அதன் வழியாகத்தான் போகப்போகிறது.

இனி என்னைக் கவிழ்த்த இடம். வட்டைக் குவிமாடமாக்க உருண்டையான அச்சு ஏதாவது தேவை. கடையில் விற்கும் பிளாஸ்டிக் அச்சைவிட எனக்குப் பிடித்தது ரப்பர் கொட்டை. எங்கள் பக்கம் எல்லாம் செம்பனைத் (எண்ணெய்ப் பனை) தோட்டமாகிவிட்டாலும் கோயிலுக்குப் பின்னால் நாலைந்து ரப்பர் மரங்கள் மிச்சமிருக்கின்றன. சிறுவயதில் அந்தக் கொட்டையைச் சிமெண்ட் தரையில் தேய்த்துச் சூடாக்கி அடுத்தவர் கையில் வைப்போம். அதே வழவழப்பு இப்போது உதவுகிறது. கொட்டையின் பருத்த முனையில் வட்டை வைத்து, நடுவிலிருந்து விளிம்பு நோக்கிக் கட்டைவிரல்களால் மெல்ல இறக்குங்கள். ஒரே அழுத்தாக அழுத்தினால் சுருள் நடுவில் பிதுங்கி, பம்பரம் போல நீண்டுவிடும்.

வடிவம் வந்ததும் விளிம்பைப் பிடித்து எடுத்து, உட்புறத்தில் வெள்ளைப் பசை தடவ வேண்டும். அன்று நான் பசையில் தண்ணீர் கலந்து உள்ளே ஊற்றினேன், சீக்கிரம் பரவட்டும் என்று. தாள் ஊறியது, சுருள்கள் வழுக்கின, வெளியே பார்வைக்கு மட்டும் காய்ந்ததுபோல் இருந்தது. சாயங்காலமானால் மழை கொட்டும் ஊரில் அது எப்படிக் காயும்? தண்ணீர் கலக்காத பசையை விரல்நுனியில் எடுத்து, சுருள்களின் வரிகள் தெரியும் அளவுக்கு மெல்லியதாகத் தடவுங்கள். கிண்ணம்போல் நிமிர்த்தி ஒரு பாட்டில் மூடியில் வையுங்கள். இரண்டு மணி நேரம் கழித்து மறுபடி ஒரு பூச்சு, பிறகு இரவு முழுவதும் மின்விசிறிக் காற்று. பசையில் வெண்மை துளியும் மிச்சமில்லாமல் கண்ணாடியாகி, நகத்தால் தட்டினால் 'டக்' என்று கேட்க வேண்டும். 'தொப்' என்றால் இன்னொரு நாள்.

மீதி எளிது. கம்பியில் ஒரு முத்தைக் கோத்து, உள்ளிருந்து ஓட்டை வழியாக மேலே இழுத்து, உச்சியில் சிறு மணி ஒன்றைப் போட்டு, வட்ட மூக்குக் குறடால் வளையமாக்கிக் கொக்கியில் மாட்டுங்கள். குறடு மட்டும் நல்லதாக வாங்குங்கள். மலிவுக் குறடு கம்பியைக் கடித்துத் தழும்பாக்கிவிடும்.

பின்சேர்க்கை: முடிந்த ஜிமிக்கியின் மேல் வார்னிஷ் தெளித்ததும் பனி படர்ந்ததுபோல் வெளுத்துவிட்டது என்று, இதைச் செய்து பார்த்த இருவர் எழுதியிருந்தார்கள். ஈரக்காற்றின் வேலை அது. மழை நாளில் தெளிக்காதீர்கள். வெயில் ஏறிய பிறகு மெல்லியதாக இரண்டு தடவை தெளியுங்கள். சிவப்புத் தாள் சாயம் விடுகிறதா என்பதை முதலில் ஒரு துண்டில் பூசிப் பாருங்கள்.

காது அரிப்பதாகச் சொன்ன தங்கைக்கு: காகிதம் காரணமாக இருக்காது, கொக்கியில் உள்ள நிக்கலாக இருக்கலாம். அறுவைச் சிகிச்சைக் கருவிகளுக்குப் பயன்படும் வகை எஃகில் செய்த கொக்கியை மாற்றிப் பாருங்கள். புண்ணாகியிருந்தால் ஆறும்வரை எதையும் போடாதீர்கள்.