‘ஜூஸ்’ என்று எழுதும் முன்: கலவைச் சாறு ஏற்றுமதியில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன மாதம் கிருஷ்ணகிரியில் என் அலுவலகத்துக்கு மூன்று இளைஞர்கள் வந்தார்கள். மூவரும் பொறியியல் படித்தவர்கள். ஒருவருடைய அப்பாவுக்குப் பெங்களூரா மாந்தோப்பு இருக்கிறது. ஏற்றுமதிக் குறியீட்டு எண், உணவுப் பாதுகாப்பு உரிமம், வேளாண் பொருள் ஏற்றுமதி மேம்பாட்டு ஆணையமான அபேடாவில் பதிவு எல்லாவற்றையும் முடித்துக் கோப்பில் அழகாக அடுக்கி வைத்திருந்தார்கள். மேசைமேல் இரண்டு மாதிரி பாட்டில்களை வைத்தார்கள். ஒன்று மஞ்சள், இன்னொன்று அடர்சிவப்பு. மஞ்சள் பாட்டிலின் லேபிளைத் திருப்பிப் பார்த்ததுமே எனக்கு வயிற்றைப் பிசைந்தது. முன்புறம் பெரிய எழுத்தில் ‘மிக்ஸ்டு ஃப்ரூட் ஜூஸ்’. பின்புறம் பொடி எழுத்தில் சேர்பொருள்கள். அதில் முதல் சொல் ‘தண்ணீர்’.

ஆறு ஆண்டுகளுக்கு முன்னால் ஏறக்குறைய இதே லேபிளை நானும் அச்சடித்தேன்.

எடையைச் சரிபாருங்கள், தேதியைப் பாருங்கள், முன்பணம் வாங்காமல் சரக்கு அனுப்பாதீர்கள் என்பதையெல்லாம் எந்த ஒருநாள் பயிற்சி வகுப்பிலும் சொல்லிவிடுவார்கள். அவற்றை விட்டுவிடுகிறேன்.

## தண்ணீர் கலந்ததைச் சாறு என்று அறிவிப்பது

நம் ஊரில் எல்லாமே ஜூஸ்தான். கடையில் பிழிந்து தருவதும் ஜூஸ், பத்து ரூபாய் அட்டைப்பெட்டியில் உறிஞ்சுகுழலோடு வருவதும் ஜூஸ், கல்யாண வீட்டு வாசலில் தரும் வண்ணத் தண்ணீரும் ஜூஸ். பேச்சில் இதனால் ஒரு நஷ்டமும் இல்லை. சுங்க ஆவணத்தில் உண்டு.

உலகம் முழுக்கச் சுங்கத்தில் பயன்படும் ஹெச்.எஸ். என்ற பொருள் வகைப்பாட்டில் பழச்சாறும் காய்கறிச் சாறும் 2009 என்ற தலைப்பில் வருகின்றன. 2022 முதல் தேங்காய்த் தண்ணீரும் பெயர் சொல்லி அதில் சேர்ந்துவிட்டது. ஒன்றுக்கு மேற்பட்ட சாறுகளைக் கலந்தால் 2009.90. சர்க்கரை சேர்த்திருந்தாலும் 2009-லேயே இருக்கலாம். தலைப்பே அதை அனுமதிக்கிறது. தண்ணீர் விஷயத்தில்தான் அது கறார். இயல்பான சாற்றில் தண்ணீர் ஊற்றினாலும், அடர்சாற்றைப் பழைய நிலைக்குக் கொண்டுவரத் தேவையானதைவிட அதிகமாக ஊற்றினாலும், அந்தப் பொருள் சாறு என்ற இடத்தை இழந்து 2202 என்ற பானத் தலைப்புக்குப் போய்விடும். கூடை நிறையப் பழங்களின் படத்தை லேபிளில் போட்டாலும் அது திரும்பி வராது.

‘தேவையான அளவு தண்ணீர்’ எவ்வளவு என்பதைக் கணக்குப் போட்டுப் பார்த்துவிடலாம். 28 பிரிக்ஸ் (100 கிராமில் கரைந்திருக்கும் சர்க்கரையின் அளவு) உள்ள பெங்களூரா அடர்கூழ் 100 கிலோ இருக்கிறது. அதன் இயல்பான இனிப்பு 14 பிரிக்ஸ் என்று வைத்துக்கொள்ளுங்கள். 200 கிலோ வரை நீட்டலாம். 70 பிரிக்ஸ் ஆப்பிள் அடர்சாற்றை 11.5-க்குக் கொண்டுவந்தால் ஒரு கிலோ ஆறு கிலோவாகும். அந்தக் கோட்டைத் தாண்டினால் பானம். கலவையில் ஒவ்வொரு பழத்துக்கும் தனித்தனியாக இந்தக் கணக்கைப் போட்டுக் கூட்ட வேண்டும்.

என் கலவையின் கணக்கைச் சொல்கிறேன். 100 கிலோவில் மாங்கூழ் 12, இயல்நிலைக்குக் கொண்டுவந்த ஆப்பிள் சாறு 5, அன்னாசிச் சாறு 3, சர்க்கரை 11; மிச்சம் 69 கிலோவும் தண்ணீர், கொஞ்சம் சிட்ரிக் அமிலம். உற்பத்தி மேற்பார்வையாளர் ரிஃப்ராக்டோமீட்டரின் கண்ணாடியில் ஒரு சொட்டு விட்டு, ஜன்னல் பக்கம் திரும்பி உற்றுப் பார்த்துவிட்டு, “13.7 சார், அசல் மாம்பழச் சாறு மாதிரியே நிற்கிறது” என்றார். நானும் மகிழ்ந்து போனேன். அந்தக் கருவிக்கு மாம்பழத்தின் சர்க்கரையும் ஆலைச் சர்க்கரையும் ஒன்றுதான். கரைந்திருப்பதை அது அளக்கும். எங்கிருந்து வந்து கரைந்தது என்று சொல்லாது. அயல்நாட்டு ஆய்வகம் அதோடு நிற்பதில்லை. பொட்டாசியம் எவ்வளவு, சாம்பல் எவ்வளவு, அமினோ அமில அளவைக் காட்டும் ஃபார்மால் எண் எவ்வளவு என்று பார்த்து, உள்ளே உண்மையில் எவ்வளவு பழம் இருக்கிறது என்பதை நெருங்கிவிடும்.

இவ்வளவு காலம் தொழில் செய்தும் இது ஏன் எனக்கு உறைக்கவில்லை என்று பிறகு யோசித்தேன். உள்நாட்டில் அப்போது பழச்சாற்றுக்கும் 12 சதவீத ஜி.எஸ்.டி., பழக்கூழ் பானத்துக்கும் 12 சதவீதம். (2025 செப்டம்பர் 22 முதல் இரண்டும் 5.) இரண்டு தலைப்புக்கும் ஒரே வரி என்றால் எந்தக் கணக்காளர் தலையைச் சொறிந்துகொண்டு உட்காரப் போகிறார்? உள்ளூர் இன்வாய்ஸில் பல ஆண்டுகளாக 2009 என்று போட்டுப் பழகிய கை, ஏற்றுமதி இன்வாய்ஸிலும் அதையே போட்டது.

வளைகுடா நாடு ஒன்றிலிருந்து வந்த முதல் ஆர்டர் அது. 20 அடிக் கண்டெய்னர், 1,600 பெட்டிகள், ஒரு லிட்டர் பொதிகள். வாங்குபவர் தன் வங்கியில் திறந்த எல்.சி. என்ற பண உறுதிக் கடிதத்தில் சரக்கு விவரம் ‘மிக்ஸ்டு ஃப்ரூட் ஜூஸ்’ என்றே இருந்தது. எல்.சி.யில் உள்ள விவரத்தோடு இன்வாய்ஸ் விவரம் ஒத்துப்போகாவிட்டால் வங்கி பணம் தராது, எல்.சி.களுக்கான சர்வதேச விதித்தொகுப்பான யூ.சி.பி. 600 சொல்வது அதுதான். என் கஸ்டம்ஸ் ஏஜென்ட் மட்டும், “சார், சேர்பொருளில் தண்ணீர் முதலில் வருகிறதே, பானம் என்று எல்.சி.யைத் திருத்தச் சொல்லலாமா?” என்று கேட்டார். திருத்தக் கட்டணம் சில ஆயிரம் ரூபாய். அதோடு ஒரு வாரத் தாமதம். “கப்பல் போய்விடும், அப்படியே போடுங்கள்” என்றேன். அந்த வாக்கியத்தை இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு எரிச்சல் அடங்குவதில்லை. அவர் சொன்னது சரி என்று எனக்கு அரைகுறையாகத் தெரிந்தே இருந்தது.

2019 டிசம்பர் 1 அன்று சவுதி அரேபியாவிலும் ஐக்கிய அரபு அமீரகத்திலும் சர்க்கரை சேர்த்த பானங்களுக்கு 50 சதவீதக் கலால் வரி வந்திருந்தது. என் சரக்கு போய்ச் சேர்ந்தது 2020 தொடக்கத்தில். மூன்று மாதத்துக்கு முந்தைய அந்தச் செய்தியை நானும் படிக்கவில்லை. வாங்குபவரும் சாறு என்ற நம்பிக்கையில் கலால் இல்லாமலே விலை போட்டிருந்தார். சுங்கத்தில் மாதிரி எடுத்தார்கள். பானம் என்று முடிவு வந்தது. ஆவணத் திருத்தம், அபராதம், கலால். அதற்குள் கண்டெய்னர் 37 நாள் துறைமுகத்தில் நின்றுவிட்டது. ஒவ்வொரு நாளுக்கும் டெமரேஜ் என்ற தாமதக் கட்டணம் ஓடியது. வாங்குபவர் ஒரு வரி அஞ்சல் அனுப்பினார்: “நீங்கள் ஜூஸ் என்றுதானே விற்றீர்கள்?” அதற்கு என்னிடம் பதில் இல்லை. சரக்கைத் திருப்பிக் கொண்டுவருவதைவிடத் தள்ளுபடியில் தள்ளிவிடுவது மலிவாக இருந்தது. அந்த ஆண்டு மாம்பழ சீசனில் சம்பாதித்தது மொத்தமும் அந்த ஒரு கண்டெய்னரில் போயிற்று.

இன்று வரியின் உருவம் மாறியிருக்கிறது. அமீரகத்தில் 2026 ஜனவரி முதல் 100 மில்லிலிட்டரில் எவ்வளவு சர்க்கரை என்று பார்த்து அடுக்கடுக்காக வரி போடுகிறார்கள். ஆகவே கலவையை எழுதும்போதே எந்த நாட்டுக்கு என்று முடிவு செய்யுங்கள். சேருமிடத்தில் எந்த ஹெச்.எஸ். குறியீடு என்று வாங்குபவரின் சுங்க முகவரிடமிருந்து எழுத்தில் வாங்குங்கள். எட்டு இலக்கக் குறியீடு நாட்டுக்கு நாடு மாறும். ஐரோப்பிய ஒன்றியம் கலவைச் சாற்றையே 67 பிரிக்ஸுக்கு மேல், கீழ் என்றும், வெப்பமண்டலப் பழமா இல்லையா என்றும் பிரிக்கிறது. எல்.சி. வரைவு வந்ததும் முதலில் சரக்கு விவரத்தைப் படியுங்கள். தொகையைப் பிறகு படிக்கலாம்.

தோப்புக்காரர் மகனுக்கு இது பிடிக்கவில்லை. “அண்ணா, ‘பானம்’ என்று போட்டால் விலை இறங்கிவிடுமே?” என்றார். இறங்கும். தண்ணீருக்குச் சாற்றின் விலை கிடைக்காது, தம்பி.

## ஏ.பி.சி. ஜூஸும் 4.6-ம்

அவர்களுடைய சிவப்பு பாட்டில் ஆப்பிள், பீட்ரூட், காரட் கலவை. தண்ணீர் ஒரு சொட்டும் இல்லை, 2009.90-க்குத் தகுதியான பொருள் இதுதான். ஆனால் இதில் வேறு ஆபத்து இருக்கிறது.

பழச்சாறு புளிப்பானது, அந்தப் புளிப்பே பாதிக் காவல். புளிப்பை அளக்கும் பி.ஹெச். எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம்; காரட்டின் பி.ஹெச். 6-ஐ ஒட்டி இருக்கும். பீட்ரூட்டும் கிட்டத்தட்ட அப்படியே. ஆப்பிள் குறைவாக விழுந்த ஒரு தொகுதியில் கலவை 4.6-ஐத் தாண்டிவிடும். அதற்கு மேலே போட்டுலிசம் கிருமி வளர்ந்து நஞ்சு உண்டாக்க முடியும். வழக்கமான பழச்சாற்றுச் சூடு அதன் வித்துகளைக் கொல்லாது. 2006-ல் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் பாட்டில் காரட் சாறு குடித்த மூன்று பேர் இந்த நஞ்சால் படுத்த படுக்கையானார்கள். அந்த நிகழ்வுக்குப் பிறகு அங்கே காரட் சாறு என்றாலே கூர்ந்து பார்க்கிறார்கள்.

எலுமிச்சைச் சாறு சேர்த்து 4.6-க்கு நன்றாகக் கீழே கொண்டுவாருங்கள். ஒவ்வொரு தொகுதியையும் மீட்டரில் அளந்து பதிவேட்டில் எழுதுங்கள். சுவைத்துப் பார்த்துவிட்டு “புளிக்கிறது, போதும்” என்று சொல்லும் ஆளை அந்த இடத்தில் நிறுத்தாதீர்கள். அமெரிக்காவுக்கு என்றால் இது அமிலமூட்டிய உணவு என்ற பிரிவில் வந்து, தொழிற்சாலைப் பதிவும் தயாரிப்பு முறைத் தாக்கலும் தனியாகக் கேட்பார்கள். ஆறு மாதம் முன்பே தொடங்குங்கள்.

## நிறம்

இங்கே அனுமதி உள்ள கார்மோய்சின், பான்சோ 4ஆர் என்ற சிவப்புச் சாயங்கள் இரண்டுக்கும் அமெரிக்காவில் அனுமதி இல்லை. டார்ட்ரசின் என்ற மஞ்சள் சாயம் போட்டால் ஐரோப்பாவில், குழந்தைகளின் கவனத்தையும் செயல்பாட்டையும் பாதிக்கலாம் என்ற எச்சரிக்கையை லேபிளில் அச்சடிக்க வேண்டும், 2010-லிருந்து அப்படித்தான். பழச்சாறு பாட்டிலில் அந்த வாக்கியத்தைப் பார்த்த எந்தத் தாய் அதை வாங்குவாள்?

## ‘இந்தியப் பொருள்’ என்று அவசரப்பட்டு எழுதுவது

கலவைச் சாற்றில் மாம்பழம் நம்முடையதாக இருக்கும்; ஆரஞ்சு அடர்சாறு பிரேசிலிலிருந்து வந்திருக்கும். சலுகை வரிக்கான பிறப்பிடச் சான்றிதழ் வேண்டும் என்று வாங்குபவர் கேட்டதும் பலர் யோசிக்காமல் விண்ணப்பித்துவிடுகிறார்கள். தண்ணீர் விட்டு நீர்க்கச் செய்வதும் வெறுமனே கலப்பதும் பிறப்பிடத்தைத் தராது என்று பெரும்பாலான வர்த்தக ஒப்பந்தங்களில் எழுதியே இருக்கிறது. அந்தந்த ஒப்பந்தத்தில் உங்கள் பொருளுக்கான விதியைப் படித்து, செலவுத்தாளை வைத்துக்கொண்டு கையெழுத்துப் போடுங்கள். 2024-ல் ஆரஞ்சு விலை உச்சத்துக்குப் போனபோது சிலர் கலவையை மட்டும் மாற்றினார்கள். பழைய செலவுத்தாளும் பழைய லேபிளும் அப்படியே இருந்தன. சோதனை வந்தால் அது பொய்யான அறிவிப்பு.

ஆரஞ்சு குறையும் இடத்தை ஆப்பிள்தான் நிரப்பும். ஆப்பிள் என்றால், அழுகிய பழத்தில் பூஞ்சை உண்டாக்கும் படுலின் என்ற நஞ்சுக்கான சோதனை. கிலோவுக்கு 50 மைக்ரோகிராம் வரம்பு.

## டிரம்மில் தண்ணீர் அனுப்புவது

வாங்குபவர் தொழிற்சாலைக்காரர் என்றால் அடர்கூழாக அனுப்புங்கள். 20 அடிக் கண்டெய்னரில் வழக்கமாக 80 டிரம்தான் ஏறும். தண்ணீர் அவர் ஊர்க் குழாயிலும் வரும்.

## இலவச மாதிரி

கூரியர் கட்டணத்தையாவது வாங்கிக்கொள்ளுங்கள். தராதவர் ஆர்டரும் தரமாட்டார்.

## இறக்குமதி செய்பவர்கள் செய்வது

வெளிநாட்டுக் கலவைச் சாற்றை இங்கே கொண்டுவருபவர்களின் கோளாறு காலாவதித் தேதியில் இருக்கிறது. இங்கே சுங்கத்தைக் கடக்கும்போது மொத்த ஆயுளில் 60 சதவீதமோ அல்லது மூன்று மாதமோ, இரண்டில் எது குறைவோ அது மிச்சம் இருக்க வேண்டும். தள்ளுபடியில் கிடைக்கிறது என்று பழைய சரக்கை வாங்கி, கடலில் ஒரு மாதத்தைக் கழித்துவிட்டு வருபவர்கள் இதில் விழுகிறார்கள்.

இறக்குமதியாளர் பெயர், உரிம எண், பச்சைப் புள்ளி ஆகியவை விட்டுப்போனால் சுங்கக் கிடங்கிலேயே ஸ்டிக்கர் ஒட்டிச் சரிசெய்யலாம். தயாரிப்புத் தேதியோ சேர்பொருள் பட்டியலோ இல்லை என்றால் ஒட்ட முடியாது. அடர்சாற்றிலிருந்து மீட்டெடுத்ததை ‘100 சதவீதப் பழச்சாறு’ என்று போடக் கூடாது என 2024 ஜூனில் உணவுப் பாதுகாப்பு ஆணையம் உத்தரவிட்டது. அந்த லேபிளோடு இன்னும் சரக்கு பேசுகிறவர்களைப் பார்க்கிறேன்.

## எதிர்மாதிரி வைக்காதது

ஒவ்வொரு தொகுதியிலிருந்தும் ஒரு பெட்டியை முத்திரையிட்டு, தொகுதி எண்ணோடு, வெயில் படாத அலமாரியில் வையுங்கள். காலாவதித் தேதி முடியும்வரை தொடாதீர்கள்.

அந்தக் கண்டெய்னரின் ஆய்வறிக்கையில் பழ அளவு 14 சதவீதம் என்று வந்தது. நான் போட்டது 20. கூழ் மட்டமா, கலக்கும்போது யாராவது கைவைத்தார்களா, ஆய்வகம் தவறியதா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. மறுபடி சோதிக்க என்னிடம் ஒரு பொதிகூட இல்லை. மீதி இருந்த ஐந்து பெட்டிகளை, கண்டெய்னர் கிளம்பிய அன்று மாலை, தொழிற்சாலை ஆட்களுக்கு நானே பிரித்துக் கொடுத்திருந்தேன்.