ஹாக்கின்டாஷில் சிபியு மின்மேலாண்மை: தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதிதாக ஹாக்கின்டாஷ் (மேக்ஓஎஸ் ஓடும், ஆப்பிள் தயாரிக்காத கணினி) கட்டுபவர்களின் கேள்விகளைப் படித்தால் என் பழைய அசட்டுத்தனங்களே வரிசையில் வந்து நிற்கின்றன. நிறுவலுக்கான யூஎஸ்பி தயாரிப்பதில் நேரும் பிழைகளை விட்டுவிடுகிறேன். அவை தாமே திருந்தும்.

அடுத்தவர் ஆஃப்செட்

ஹாஸ்வெல் முதலான இன்டெல் சிப்களில் மேக்ஓஎஸ் கெர்னல் (இயங்குதளத்தின் மையப்பகுதி), மின்மேலாண்மைக்காக, சிபியுவுக்குள் இருக்கும் இ2 என்ற எம்எஸ்ஆர் பதிவகத்தில் எழுத முனையும். பல பயாஸ்கள் (கணினியைத் துவக்கும் மதர்போர்டு மென்பொருள்) அதைப் பூட்டி வைத்திருக்கும். அந்தப் பூட்டுதான் சிஎஃப்ஜி லாக். அது இருந்தால் துவக்கத்திலேயே கெர்னல் பேனிக், கணினி நின்றுவிடும். பயாஸ் மெனுவில் அணைக்க வழியிருந்தால் ஐந்து நிமிட வேலை. லேப்டாப்களில் பெரும்பாலும் மறைத்துவிடுவார்கள். அப்போது கிரப் ஷெல் என்ற கட்டளைத் திரையில், பயாஸ் அமைப்புகளுக்குள் ஒரு பைட்டை 1இலிருந்து 0 ஆக்க வேண்டும். எந்த பைட் என்று காட்டுவது ஆஃப்செட்.

அந்த எண்ணை நான் யாரோ எழுதிய வழிகாட்டியிலிருந்து எடுத்தேன். அதே மாடல்தானே என்ற தைரியம். பயாஸ் பதிப்பு மட்டும் வேறு. மறுதுவக்கத்தில் விசிறி சுற்றியது, திரை இருண்டே கிடந்தது. பேட்டரியைக் கழற்றிப் பார்த்தேன், பயனில்லை. மாற்றியது ஃபிளாஷ் சிப்பில் அல்லவா இருக்கிறது! சிப்பில் நேரடியாக எழுதும் சிஎச்341ஏ புரோகிராமர் வாங்கி, எட்டுக்கால் சிப்பில் கிளிப்பை மாட்டி மாட்டி மூன்று இரவுகள் போயின. உயிர் வந்தது, சீரியல் எண் போய்விட்டது.

இன்றும் “இந்த மாடலுக்கு ஆஃப்செட் என்ன?” என்று யாராவது கேட்டால் எரிச்சல் வருகிறது. எண்ணைத் தூக்கிக் கொடுப்பவர்கள்மேல் இன்னும் அதிகம். உங்கள் இயந்திரத்தில் ஓடும் அதே பதிப்பின் பயாஸ் கோப்பை யூஇஎஃப்ஐடூலில் திறந்து, செட்அப் பகுதியைப் பிரித்து, ஐஎஃப்ஆர் எக்ஸ்ட்ராக்டர் தரும் உரையில் சிஎஃப்ஜி லாக்கின் ஆஃப்செட்டை நீங்களே தேடுங்கள். எழுதும் முன் இருக்கும் மதிப்பைப் படியுங்கள்; 1 இல்லையென்றால் விசைப்பலகையிலிருந்து கையை எடுங்கள். பயாஸைப் புதுப்பித்தால் மறுபடி முதலிலிருந்து.

துணிவில்லையா? மேக்ஓஎஸைத் துவக்கித் தரும் ஓப்பன்கோரில் ஆப்பிள்எக்ஸ்சிபிஎம்சிஎஃப்ஜிலாக் என்ற குவிர்க்கை (ஒரு அமைப்பை) இயக்குங்கள். கெர்னல் அந்தப் பதிவகத்தைத் தொடாது. ஒட்டுப்போட்ட வேலைதான், ஆனால் லேப்டாப் பிழைத்திருக்கும்.

நல்சிபியுபவர்மேனேஜ்மென்ட்

மேக்ஓஎஸின் சிபியு மின்மேலாண்மையை முடக்கும் கெர்னல் நீட்சி இது. நீக்குங்கள்.

எஸ்எஸ்டிடி-பிளக்

மேக்ஓஎஸின் மின்மேலாண்மையைச் சிபியுவோடு இணைக்கும் சிறு கோப்பு. மேக்ஓஎஸ் 12.3க்கு முந்தைய பதிப்புகளில் இது வேண்டும். சிபியுவின் பெயர் கோப்பில் சிபியு0, உங்கள் டிஎஸ்டிடியில் (பயாஸ் தரும் வன்பொருள் விவர அட்டவணையில்) பிஆர்00 என்றிருந்தால் சேர்த்தும் பயனில்லை.

எஸ்எம்பயாஸ்

உங்கள் கணினி எந்த மேக் மாடல் என்று மேக்ஓஎஸுக்குச் சொல்லும் அடையாளம் இது. லேப்டாப்புக்கு ஐமேக் அடையாளம் கொடுத்துவிட்டு, சும்மா இருக்கும்போதும் சூடாகிறதே என்று புலம்பாதீர்கள். அதிர்வெண் அட்டவணை மாடலைப் பொறுத்தே தேர்வாகிறது. அதைச் சரிசெய்த பிறகும் குறையிருந்தால் மட்டும், அந்த அட்டவணையை மாற்ற உதவும் சிபியுஃப்ரெண்டைத் தொடுங்கள்.