அளவு மீறிய அவநம்பிக்கையைச் சொல்லும் 'பாரனாய்ட்லி': எங்கே எழுதலாம், எங்கே தவிர்க்க வேண்டும்

ஒருவர் தக்க காரணம் எதுவும் இல்லாமலேயே பிறர் தனக்குத் தீங்கு நினைக்கிறார்கள் என்று எண்ணி, அந்த மிதமிஞ்சிய அவநம்பிக்கையோடு ஒரு செயலைச் செய்யும்போது, அவர் செய்யும் விதத்தைக் குறிக்க ஆங்கிலத்தில் 'பாரனாய்ட்லி' என்ற வினையடை இருக்கிறது. அகராதியில் இதன் பொருள் ஒரு வரியில் முடிந்துவிடும். அந்த ஒரு வரியை மட்டும் நம்பி வாக்கியம் எழுதப் போகிறவர்தான் தடுமாறுகிறார். நாம் 'சந்தேகத்தோடு' என்று பொதுவாகச் சொல்லிவிடும் மனநிலைகளை ஆங்கிலம் நான்கைந்து வினையடைகளாகப் பிரித்து வைத்திருக்கிறது. அவற்றுள் மிகக் கடுமையானது இது. இந்தச் சொல்லை எழுதுகிறவர், சந்தேகப்படுபவரின் சந்தேகத்துக்கு அடிப்படையே இல்லை என்று தம் பொறுப்பில் தீர்ப்பும் சொல்லிவிடுகிறார். ஆகவே, அந்தத் தீர்ப்பைச் சொல்ல நமக்குப் போதிய ஆதாரம் இருக்கிறதா என்பதை முதலில் பார்த்துக்கொள்ள வேண்டும்.

சொல்லின் பிறப்பைத் தெரிந்துகொண்டால் இந்தக் கடுமை எங்கிருந்து வந்தது என்பது விளங்கும். கிரேக்க மொழியில் 'பாரா' என்பது பக்கத்தில், அப்பால் என்றும், 'நூஸ்' என்பது மனம் என்றும் பொருள்படும். இரண்டும் சேர்ந்து உருவான 'பாரனோயா' பித்து நிலையைக் குறித்தது. 19ஆம் நூற்றாண்டில் ஜெர்மானிய மனநல மருத்துவர்கள் இதைத் தங்கள் துறைச் சொல்லாக எடுத்துக்கொண்டார்கள். கார்ல் லுட்விக் கால்பாம் 1863இல் இதைக் கையாண்டார். பிறகு எமில் கிரேப்லின், அசைக்க முடியாத பொய்நம்பிக்கைகள் வேரூன்றிவிடும் ஒரு தனி நோயாக இதை வரையறுத்தார். மருத்துவ நூல்களிலிருந்து இந்தச் சொல் அன்றாடப் பேச்சுக்கு இறங்கி வந்த பிறகும் 'அறிவு தடம் மாறிவிட்டது' என்ற பழைய சாயல் அதை விட்டு முற்றிலும் போகவில்லை.

எழுத்தும் உச்சரிப்பும் எளியவைதான். பி, ஏ, ஆர், ஏ, என், ஓ, ஐ, டி என்று எழுதப்படும் 'பாரனாய்ட்' என்ற பெயரடையோடு எல், ஒய் ஆகிய இரண்டு எழுத்துகளைச் சேர்த்தால் வினையடை கிடைக்கும். முதல் அசையில் 'கேமரா' என்ற சொல்லின் தொடக்கத்தில் ஒலிக்கும் உயிரே ஒலிக்கிறது. அழுத்தமும் அந்த அசையின் மீதே விழ வேண்டும். பெயர்ச்சொல்லான 'பாரனோயா'வில் மட்டும் அழுத்தம் மூன்றாம் அசைக்கு நகர்ந்துவிடுகிறது. 'பாரனாயிக்லி' என்ற வேறொரு வடிவத்தையும் அகராதிகளில் காணலாம். பொருள் ஏறத்தாழ ஒன்றுதான்.

இனி, இதை அண்டைச் சொற்களிலிருந்து பிரித்தறிய வேண்டும். ஒரே காட்சியை வைத்துப் பார்ப்பது நல்லது. யாரோ கதவைத் தட்டுகிறார்கள். உள்ளே இருக்கும் பெண் கதவுச் சங்கிலியைக் கழற்றாமல் இரண்டு விரற்கடை அளவுக்கே கதவைத் திறந்து, வெளியே நிற்பவரின் கையிலுள்ள உறையைப் பார்க்கிறார். இரவு நேரம், அறிமுகமில்லாத முகம் என்றால் அவர் கதவைத் திறந்தது 'வேரிலி', அதாவது முன்னெச்சரிக்கையோடு. இதில் அவர்மீது எந்தக் குறையும் இல்லை, அந்த நிலையில் யாரும் அப்படித்தான் செய்வார்கள். உறையின் மீது முகவரியே எழுதப்படவில்லை என்பதைக் கவனித்துவிட்டு அவர் பார்க்கும் பார்வை 'சஸ்பிஷஸ்லி'. இங்கே சந்தேகத்துக்குக் குறிப்பிட்ட ஒரு தடயம் உண்டு. வந்திருப்பவர் ஏற்கெனவே ஒருமுறை அவரை ஏமாற்றியவர் என்றால் 'டிஸ்ட்ரஸ்ட்ஃபுலி' பொருந்தும்; தடயம் எதுவும் கண்ணில் படாவிட்டாலும் அந்த ஆள்மீது நம்பிக்கை இல்லை. ஆனால் வந்திருப்பவர் நாள்தோறும் அதே நேரத்தில் வரும் அஞ்சல்காரர், உறையில் அந்தப் பெண்ணின் பெயர் தெளிவாக எழுதப்பட்டிருக்கிறது, அப்படியிருந்தும் தன்னை வேவு பார்க்கத்தான் யாரோ இவரை அனுப்பியிருக்கிறார்கள் என்று நினைத்து அவர் சங்கிலியைக் கழற்ற மறுக்கிறார் என்றால், அப்போதுதான் 'பாரனாய்ட்லி' என்று எழுதலாம். கை செய்தது எல்லா இடத்திலும் ஒன்றுதான். சூழ்நிலை எவ்வளவு நியாயம் வழங்குகிறது என்பதை வைத்தே சொல் மாறுகிறது.

'அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்' என்ற நம் பழமொழி இந்தக் கடைசி நிலைக்கு மிக நெருக்கமாக வருகிறது. எனினும் ஒரு வேறுபாடு உண்டு. பழமொழியில் இருப்பது அச்சம். 'பாரனாய்ட்லி'யில் அச்சத்தோடு, பிறருடைய உள்நோக்கத்தைப் பற்றிய கற்பனையும் சேர்ந்திருக்க வேண்டும். தேர்வு முடிவை நினைத்துப் பதறுகிறவரின் செயலுக்கு 'ஆங்ஷஸ்லி' போதும். தேர்வு அதிகாரிகள் வேண்டுமென்றே தன் விடைத்தாளை ஒளித்துவிட்டார்கள் என்று ஆதாரமின்றி நம்பி அவர் செயல்பட்டால்தான் 'பாரனாய்ட்லி'. பேச்சு வழக்கு ஆங்கிலத்தில் கிருமிகளைப் பற்றியும் உடல் எடையைப் பற்றியும் மிகையாகக் கவலைப்படுவோரைக்கூட 'பாரனாய்ட்' என்று சொல்லிவிடுகிறார்கள். அது பிழையென்று ஒதுக்கத் தக்கதல்ல; ஆனாலும் கட்டுரையிலோ அலுவல் கடிதத்திலோ அந்தத் தளர்ந்த பொருளைத் தவிர்ப்பதே சிறந்தது என்பது என் உறுதியான கருத்து.

'சஸ்பிஷஸ்லி'யோடு ஒப்பிடும்போது இன்னொரு வேறுபாடும் தெரியவரும். அந்தச் சொல்லுக்கு இரண்டு முகங்கள். 'ஹி லுக்ட் அட் தி பேக் சஸ்பிஷஸ்லி' என்றால் அவர் பையைச் சந்தேகத்தோடு பார்த்தார். 'தி பேக் வாஸ் சஸ்பிஷஸ்லி லைட்' என்றால் பையின் கனம் நமக்குச் சந்தேகம் வரும்படி குறைவாக இருந்தது. பைக்கு யார்மீதும் சந்தேகம் இல்லை. 'ஹி வாஸ் ஆக்டிங் சஸ்பிஷஸ்லி' என்று ஒருவர் எழுதினால், அவர் சந்தேகப்படுகிறவரா, சந்தேகப்படத் தக்கவரா என்பதில் பெரும்பாலும் இரண்டாவதே பொருள். இதை அறியாமல் அப்பாவி ஒருவரைக் குற்றவாளிபோல் காட்டிவிடும் வாக்கியங்கள் மிகுதி. 'பாரனாய்ட்லி'யில் இந்தக் குழப்பத்துக்கு இடமில்லை. அது எப்போதும் செயலைச் செய்கிறவரின் உள்ளத்தையே சுட்டும்.

தமிழ் வழியே ஆங்கிலம் பயில்கிறவர்கள் தனியாகக் கவனிக்க வேண்டிய ஓரிடமும் உண்டு. 'சந்தேகம்' என்ற ஒரே சொல்லை 'டவுட்', 'சஸ்பெக்ட்' ஆகிய இரண்டுக்கும் நாம் பயன்படுத்துகிறோம். ஆங்கிலத்தில் அவை எதிரெதிர்த் திசையில் போகின்றன. 'ஐ டவுட் தட் ஹி டுக் இட்' என்றால் அவர் எடுத்திருக்க மாட்டார் என்று நினைக்கிறேன். 'ஐ சஸ்பெக்ட் தட் ஹி டுக் இட்' என்றால் அவர்தான் எடுத்திருப்பார் என்று நினைக்கிறேன். இவற்றிலிருந்து வரும் வினையடைகளும் அப்படியே: 'டவுட்ஃபுலி' என்பது நம்ப முடியாத தயக்கம், 'சஸ்பிஷஸ்லி' என்பது தீங்கு இருக்கும் என்ற எண்ணம். 'பாரனாய்ட்லி' இந்த இரண்டாவது குடும்பத்தைச் சேர்ந்தது. பாரனாய்டாக நடந்துகொள்கிறவரிடம் தயக்கமே இருக்காது. தனக்கு எதிராகச் சதி நடக்கிறது என்பதில் அவர் முழு உறுதியோடு இருப்பார். எனவே 'டவுட்ஃபுலி'யை மிகைப்படுத்தினால் 'பாரனாய்ட்லி' வந்துவிடும் என்று எண்ணக் கூடாது.

வாக்கியத்தில் இதை வைக்கும் இடம் கடினமானதல்ல. வினைக்கு முன்னால் வைக்கலாம்: 'ஷி பாரனாய்ட்லி லாக்ட் எவ்ரி டிராயர்.' இறுதியிலும் வைக்கலாம்: 'ஹி கிளான்ஸ்ட் அரவுண்ட் பாரனாய்ட்லி.' ஒரு பெயரடைக்கு முன்னாலும் வரும்: 'பாரனாய்ட்லி கேர்ஃபுல்.' வினைக்கும் அதன் செயப்படுபொருளுக்கும் நடுவே மட்டும் நுழைக்கக் கூடாது. இருத்தலைச் சொல்லும் 'இஸ்', 'வாஸ்' போன்றவற்றுக்குப் பிறகு ஒருவரின் இயல்பைச் சொல்லும்போது பெயரடைதான் வர வேண்டும். 'ஹி இஸ் பாரனாய்ட்' சரி, 'ஹி இஸ் பாரனாய்ட்லி' பிழை. 'லுக்' என்ற வினையில் பலர் சறுக்குகிறார்கள். 'ஹி லுக்ஸ் பாரனாய்ட்' என்றால் பார்ப்பவருக்கு அவர் அப்படித் தோன்றுகிறார். 'ஹி லுக்ட் அட் மீ பாரனாய்ட்லி' என்றால் அவர் என்னை அந்த மனநிலையோடு நோக்கினார். தோற்றத்துக்குப் பெயரடை, நோக்குதலுக்கு வினையடை. மேலும், மிகை என்பது இந்தச் சொல்லுக்குள்ளேயே அடங்கியிருப்பதால் 'வெரி', 'எக்ஸசிவ்லி' போன்ற அடைகளை அதன் முன் சேர்ப்பது வீண்.

இலக்கணம் இடம் கொடுத்தாலும், நல்ல ஆங்கில எழுத்தில் இந்த வினையடை அரிதாகவே வருகிறது. 'டி', 'எல்' ஆகிய மெய்கள் அடுத்தடுத்து மோதுவதால் ஓசை சற்று முரடாக இருப்பதும் ஒரு காரணமாக இருக்கலாம். தேர்ந்த எழுத்தாளர்கள் பெரும்பாலும் பெயரடையை வைத்தே வேலையை முடித்துக்கொள்கிறார்கள். 'ஹி வாஸ் பாரனாய்ட் அபவுட் ஹிஸ் நெய்பர்ஸ்' என்பது இயல்பாக ஒலிக்கும்; 'அபவுட்' என்ற முன்னிடைச்சொல்லை இங்கே மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும், 'ஆன்' வராது. முழு வாக்கியமாகத் தொடர வேண்டுமானால் 'பாரனாய்ட் தட்' என்று தொடங்கலாம். செயலை வர்ணிக்க வேண்டிய இடத்தில் 'வித் பாரனாய்ட் கேர்', 'இன் எ பாரனாய்ட் வே' ஆகியவை கைகொடுக்கும். தமிழாக்கம் செய்யும்போதும் இதே நெகிழ்ச்சி தேவை: 'வீண் சந்தேகத்தோடு', 'யாரையும் நம்பாமல்', 'எதைக் கண்டாலும் ஐயுற்று' ஆகியவற்றுள் இடத்துக்கு ஏற்றதைத் தேர்ந்தால் போதும். 'சந்தேகமாக' என்று மட்டும் எழுதினால் கடுமை முழுவதும் கரைந்துவிடும்.

நான் மிகவும் வலியுறுத்த விரும்புவது ஆதாரத்தைப் பற்றித்தான். ஓர் ஊழியர் தன் மேசை திறக்கப்பட்டிருப்பதாக மேலாளரிடம் முறையிடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். விசாரணை நடப்பதற்கு முன்பே அறிக்கை எழுதுகிறவர் 'ஷி பாரனாய்ட்லி கம்ப்ளெய்ன்ட்' என்று எழுதிவிட்டால் முறையீடு அங்கேயே செத்துவிடும். அதைப் படிக்கும் எவரும் இனி மேசையைப் போய்ப் பார்க்க மாட்டார். உண்மையிலேயே கண்காணிக்கப்பட்டவர்களையும் மிரட்டப்பட்டவர்களையும் இந்த ஒரு சொல்லால் வாயடைத்துவிட முடியும். அறிக்கை, செய்தி, புகார்க் கடிதம் போன்றவற்றில் 'ஷி சஸ்பெக்டெட் தட்' என்று நடந்ததை மட்டும் எழுதிவிட்டு, அடிப்படை உண்டா இல்லையா என்பதை விசாரணைக்கு விட்டுவிட வேண்டும். கதையில் நிலைமை வேறு. அங்கே கதைசொல்லிக்கு உண்மை தெரியும்.

நோயுற்றவர்களைப் பற்றி எழுதும்போதும் இந்த வினையடையைத் தொடாமல் இருப்பதே முறை. மருத்துவமே தன் சொற்களை மாற்றி அமைத்துவருகிறது. அமெரிக்க மனநல மருத்துவச் சங்கம் மனநோய்களை வகைப்படுத்தும் தன் கையேட்டின் ஐந்தாம் பதிப்பை 2013இல் வெளியிட்டபோது, அதில் மனச்சிதைவு நோயின் 'பாரனாய்ட்' என்ற உட்பிரிவை நீக்கிவிட்டது. 2022இல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார அமைப்பின் நோய்ப் பட்டியலின் பதினோராம் பதிப்பிலும் அந்த உட்பிரிவு இல்லை. 'பாரனாய்ட் ஆளுமைக் கோளாறு' என்ற பெயர் மட்டும் அந்த அமெரிக்கக் கையேட்டில் தொடர்கிறது. நோயாளியின் செயலை வர்ணிக்க வேண்டிய நிலை வந்தால், அவர் என்ன நம்பினார், அதனால் என்ன செய்தார் என்று விரித்து எழுதுவது துல்லியமாகவும் இருக்கும், கண்ணியமாகவும் இருக்கும்.

தன்னைப் பற்றி எழுதும்போது மட்டும் இந்தச் சொல் தாராளமாகப் பொருந்துகிறது. 'ஐ பாரனாய்ட்லி செக்ட் தி லாக் அகெய்ன்' என்று ஒருவர் இறந்தகாலத்தில் எழுதினால், அப்போதைய தன் சந்தேகம் வீண் என்று இப்போது அவரே ஒப்புக்கொள்கிறார். தீர்ப்பு அவர்மீது அவரே சொல்லிக்கொண்டது என்பதால் யாருக்கும் அநீதி இல்லை. நிகழ்காலத்தில் இதே வாக்கியம் சற்று முரணாக ஒலிக்கும். சந்தேகத்தில் மூழ்கியிருக்கும் அந்தக் கணத்திலேயே அது ஆதாரமற்றது என்று அறிந்திருப்பவர் மிகக் குறைவு. அத்தகைய இடத்தில் 'ஐ மே பி பீயிங் பாரனாய்ட், பட்' என்று தொடங்கி, தன் ஐயத்தை அடுத்த பகுதியில் சொல்வதே ஆங்கிலத்தில் நிலைபெற்ற வழக்கு.