பாக்கை எங்கலே விட்டே?

அம்பாசமுத்திரத்தில் எங்க வீட்டுத் திண்ணையில் சாயங்காலமானா எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் ஒன்பது பேர் டியூஷனுக்கு வந்து உட்காரும். காரணிப்படுத்துதல், அதாவது கூட்டலா இருக்கிற கணக்கைப் பெருக்கலா மாத்தி எழுதுறது, ஆரம்பிக்கிற அன்னைக்கு நான் புத்தகத்தைத் திறக்கிறதில்லை. தாம்பூலப் பை போடச் சொல்லுவேன்.

வீட்டில் விசேஷம். 24 கோழிக்கூடு பழம், 36 ஆத்தூர் வெற்றிலை, ஒத்தை ரூபாய்ப் பாக்குப் பொட்டலம் 12 வாங்கியாச்சு. எல்லாப் பையும் ஒண்ணுபோல இருக்கணும், எதுவும் மிஞ்சக் கூடாது. அதிகபட்சம் எத்தனை பை போடலாம்? 12 என்று சட்டுனு சொல்லிரும். மீப்பெரு பொதுக் காரணியை, அதாவது மூணு எண்ணையும் மிச்சமில்லாம வகுக்கிற பெரிய எண்ணை, அதுகளே கண்டுபிடிச்சாச்சு, பெயரைப் பிறகு சொல்லிக்கலாம்.

அடுத்து செலவு. ஒரு பழம் ப ரூபாய், ஒரு வெற்றிலை வ ரூபாய். புத்தகத்தில் எக்ஸ், ஒய் என்று இருக்கும். எந்த எழுத்தானா என்ன? ஒரு விஷயத்தில் மட்டும் நான் கறார்: ப என்பது பழம் இல்லை, பழத்தின் விலை. அது ஒரு எண். பழம்னு நினைச்சுக்கிட்டா, நாளைக்கு ப² வரும்போது பிள்ளை முழிக்கும்.

24ப + 36வ + 12 = 12(2ப + 3வ + 1)

வெளியே நிற்கிறது பைகளின் எண்ணிக்கை. அடைப்புக்குறிக்குள்ளே இருக்கிறது ஒரு பையின் விலை.

ஒன்பது பேரில் ஆறு பேராவது 12(2ப + 3வ) என்று முடிச்சிருவாங்க. "பாக்கை எங்கலே விட்டே?"ன்னு கேட்டா, "12ஐத்தான் வெளிய எடுத்தாச்சே டீச்சர், உள்ள என்ன இருக்கும்?"னு பதில் வரும். நியாயமான கேள்விதான். 'வெளியே எடு' என்று நாம சொல்லிக்கொடுக்கிற வார்த்தையால வந்த வினை அது. எடுத்தா ஒண்ணும் மிஞ்சாதுன்னுதானே பிள்ளைக்குத் தோணும்? அதனால இப்போ 'ஒவ்வொரு உறுப்பையும் வகு' என்றே சொல்லுதேன். (கூட்டல், கழித்தல் குறி பிரிக்கிற ஒவ்வொரு பகுதியும் ஓர் உறுப்பு.) 12ஐ 12ஆல் வகுத்தா 1. பையில ஒரு பொட்டலம் இருக்கத்தான் செய்யும்.

நம்பாத பிள்ளைக்கு விலையைப் போட்டுக் காட்டுவேன். பழம் 6 ரூபாய், வெற்றிலை 2 ரூபாய். செலவு 144 + 72 + 12 = 228. என் விடையில் 12 × 19 = 228. பாக்கு இல்லாத விடையில் 12 × 18 = 216. பன்னிரண்டு ரூபாய் துண்டு விழுது. (என் தங்கச்சி நிச்சயதார்த்தத்தில் நானே பாக்கு வைக்காமப் பை கட்டி, மதினிகிட்ட ஏச்சு வாங்கியிருக்கேன். அந்தக் கதையையும் சொல்லிருவேன்.)

இனி அடுக்கு வருகிற கணக்கு:

18ப³வ² − 24ப²வ³ + 6ப²வ

முதல்ல கெழுக்களை, அதாவது எழுத்துக்கு முன்னால நிற்கிற எண்களை, மட்டும் பாருங்க: 18, 24, 6. மூன்றுக்கும் பொதுவான பெரிய எண் 6. ஒரே தடவையில் 6 தோணலையா? 2ஆல் வகுத்துட்டு, உள்ளே மிஞ்சினதை 3ஆல் வகுங்க, அங்கேதான் வந்து சேருவீங்க. பிறகு ப. முதல் உறுப்பில் ப × ப × ப, மற்ற ரெண்டிலும் ப × ப. மூணு இடத்திலும் இருந்தாத்தானே பொது? ரெண்டு ப மட்டும் தேறும். அதனாலதான் சின்ன அடுக்கை எடுக்கிறோம். வ-வில் ஒண்ணுதான் தேறும். ஆகப் பொதுக் காரணி 6ப²வ. வகுத்தால்:

6ப²வ(3பவ − 4வ² + 1)

கடைசியில் அந்த 1ஐப் பார்த்தீங்களா, பாக்குப் பொட்டலம். கொடுத்த கணக்கில் மூணு உறுப்பு இருந்தா அடைப்புக்குறிக்குள்ளேயும் மூணு இருக்கணும், எண்ணிப் பாருங்க. ப = 3, வ = 2 என்று போட்டா ரெண்டு பக்கமும் 324 வரும். 0, 1 மட்டும் போட்டுச் சரிபார்க்காதீங்க. அதில் அடுக்கில் விட்ட தப்பு தெரியாது.

91ப³ − 65ப² மாதிரி எண் மிரட்டினா, கிரேக்கக் கணித மேதை யூக்ளிட் கி.மு. 300 வாக்கில் சொல்லிவச்ச வழி கைகொடுக்கும். பெரியதில் இருந்து சின்னதைக் கழிச்சுக்கிட்டே போகணும். 91 − 65 = 26, 65 − 26 = 39, 39 − 26 = 13, 26 − 13 = 13. ரெண்டும் ஒண்ணாயிட்டா நிறுத்திருங்க, அந்த 13தான் பொதுவான பெரிய எண். விடை 13ப²(7ப − 5).

முதல் உறுப்பு குறை எண்ணா இருந்தா குறியையும் சேர்த்தே வகுப்பேன்: −8ப² + 12ப = −4ப(2ப − 3). உள்ளே குறி மாறுவதை மறந்தா எல்லாம் போச்சு.

சில சமயம் அடைப்புக்குறியே பொதுவா நிற்கும்: ப(வ + 5) + 3(வ + 5). பிள்ளைகள் இதைப் பார்த்ததும் உடைச்சுப் பெருக்கப் போயிரும். உடைக்காதீங்க, (வ + 5) முழுசாவே ஒரு காரணி. மிஞ்சுறது ப-வும் 3-உம்: (வ + 5)(ப + 3).