ரைஸ் குக்கரில் பாஸ்தா: சுவிட்சோடு மல்லுக்கட்டாதீர்கள்

அக்கா மகன் விடுதிக்குப் போய் மூன்று வாரம் ஆகிறது. அறையில் அடுப்பு வைக்க அனுமதி இல்லை. ஒரு சின்ன ரைஸ் குக்கர் மட்டும் உண்டு. போன வாரம் இரவு ஒன்பதரை மணிக்கு ஒரு படம் அனுப்பினான். குக்கரின் சுவிட்ச் மேலே எழும்பாதபடி, அதற்கு மேலிருக்கும் இடைவெளியில் ஒரு கரண்டிக் காம்பைச் செருகி வைத்திருந்தான். “சித்தி, இந்தக் குக்கர் கெட்டுப்போய்விட்டது. அமுக்க அமுக்க எழும்பிவிடுகிறது. அதனால் இப்படி நிறுத்தி வைத்திருக்கிறேன்” என்று கீழே எழுதியிருந்தான்.

குக்கர் கெடவில்லை. இன்னும் கொஞ்ச நேரம் அப்படியே விட்டிருந்தால் கெட்டிருக்கும். அதே கரண்டி வேலையைச் செய்து ஒரு குக்கரையே பலிகொடுத்தவள் நான்.

தண்ணீர் ஊற்ற மறக்காதீர்கள், மூடியைச் சரியாக மூடுங்கள் என்கிற ரகத்தில் எதையும் இங்கே எழுதப்போவதில்லை. ஒரே ஒரு சுவிட்சும் ‘குக்’, ‘வார்ம்’ என்று இரண்டு விளக்கும் கொண்ட எளிய குக்கரில், அடுப்பின் துணையில்லாமல் பாஸ்தா செய்யப் பார்க்கிறவர்கள் திரும்பத் திரும்ப விழுகிற குழிகளை மட்டும் சொல்கிறேன். திரையும் பத்துப் பொத்தான்களும் உள்ள குக்கர்களின் குணம் வேறு.

எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுச் சுவிட்சைத் தட்டுவது

பாஸ்தா, தண்ணீர், தக்காளி சாஸ், கொஞ்சம் பால், மேலே சீஸ். கலக்கி மூடிவிட்டால் இருபது நிமிடத்தில் சாப்பாடு. கேட்க எவ்வளவு நன்றாக இருக்கிறது! யாராவது இந்தச் செய்முறையைச் சொல்ல ஆரம்பித்தாலே எனக்கு இன்றும் எரிச்சல் மண்டுகிறது.

உள்பாத்திரத்தை வெளியே எடுத்துவிட்டுக் குக்கருக்குள் பாருங்கள். சூடாகும் தட்டின் நடுவில், விரலால் அழுத்தினால் அமுங்கி எழும் ஒரு வட்டக் குமிழ் இருக்கும். குக்கரின் மூளை அவ்வளவுதான். பாத்திரத்தின் அடியைத் தொட்டுக்கொண்டு அதன் சூட்டை மட்டும் அது பார்க்கிறது. உள்ளே தண்ணீர் இருக்கும் வரை அடிப்பாகம் 100 டிகிரியை ஒட்டியே நிற்கும்; ஏறுகிற சூடெல்லாம் தண்ணீரை ஆவியாக்குவதிலேயே செலவாகிவிடும். தண்ணீர் வற்றியதும் அடி மளமளவென்று சூடேறும். பெரும்பாலான எளிய குக்கர்களில் அந்தக் குமிழுக்குள் ஒரு காந்தமும், சுமார் 103 டிகிரியில் காந்தத்தோடு ஒட்டும் தன்மையை இழக்கிற ஒரு துண்டும் இருக்கும். அந்தச் சூட்டில் பிடி விட்டுப்போகிறது, ஸ்பிரிங் தள்ளுகிறது, ‘டக்’கென்று சுவிட்ச் எழும்புகிறது. நேரக் கணக்கு எதுவும் அதற்குத் தெரியாது. உள்ளே இருப்பது அரிசியா பாஸ்தாவா, வெந்ததா வேகாததா என்பதும் தெரியாது. அடி சுட்டதா, இல்லையா? அது ஒன்றுதான் கேள்வி.

இப்போது அதில் தக்காளி சாஸை ஊற்றுங்கள். வெறும் தண்ணீர் கொதிக்கும்போது கீழே இருப்பது மேலே ஏறி, மேலே இருப்பது கீழே இறங்கிச் சுழன்றுகொண்டே இருக்கும். கெட்டியான சாஸ் அப்படிச் சுழலாது. அடியில் போய் உட்கார்ந்துகொள்ளும். அதிலிருக்கும் சர்க்கரையும், பால் சேர்த்திருந்தால் பாலின் புரதமும் ஒரு படலமாகப் படியும். மேலே தண்ணீர் தளதளவென்று நிற்க, அந்தப் படலத்துக்குக் கீழே மட்டும் சூடு எல்லையைத் தாண்டிவிடும். ஏழெட்டு நிமிடத்திலேயே ‘டக்’. திறந்து ஒன்றை எடுத்துக் கடித்தால் பல்லில் மாவு ஒட்டும்.

எனக்கு நடந்ததும் இதுதான். முதல் முறை எழும்பியபோது அமுக்கினேன். சிறிது நேரத்தில் மறுபடி எழும்பியது. அதன் பிறகு அமுக்கினால் நிற்கவே இல்லை. குமிழ் ஆறும் வரை காந்தம் பிடிக்காது என்பது அப்போது தெரியாது. பசி வேறு. கரண்டிக் காம்பைச் செருகிவிட்டுத் துணி மடிக்கப் போய்விட்டேன். முதலில் இனிப்பாக ஒரு வாசனை வந்தது; சாஸ் நன்றாகச் சுண்டுகிறது என்று மகிழ்ந்துகொண்டேன். பிறகு தீய்ந்த வாடை. ஓடிவந்து பார்த்தால் இரண்டு விளக்கும் அணைந்திருந்தன. வேறு பிளக் பாயிண்டில் செருகிப் பார்த்தேன். உயிரில்லை.

பழுது பார்ப்பவர் அடிமூடியைக் கழற்றிக் காட்டினார். தீக்குச்சியின் பாதி நீளம்கூட இல்லாத ஒரு சிறிய உருளை, இரண்டு பக்கமும் கம்பி. வெப்ப ஃபியூஸ். சூடு கட்டுமீறிப் போனால் மின்சாரத்தைத் துண்டிப்பதற்காகவே வைத்தது. ஒரு முறை போனால் மறுபடி சேராது. அது தன் வேலையை ஒழுங்காகச் செய்திருந்தது. அதை மட்டும் மாற்றியிருக்கலாம்தான். ஆனால் கருகியதை நான் எஃகுக் கரண்டியால் சுரண்டியதில் உள்பாத்திரத்தின் பூச்சு உரிந்து, கருப்புக்கு நடுவே உள்ளங்கை அகலத்துக்கு அலுமினியம் பளபளத்தது. பாத்திரமும் ஃபியூஸும் கூலியும் சேர்ந்தால் புதிதே வாங்கிவிடலாம் என்றார். வாங்கினேன்.

பாஸ்தாவைத் தண்ணீர், உப்பு, ஒரு தேக்கரண்டி எண்ணெய், இவற்றோடு மட்டும் வேகவிடுங்கள். சுவிட்ச் எழும்பியதும் சாஸை ஊற்றிக் கிளறி ஐந்து நிமிடம் மூடி வைத்தால் பாத்திரத்தின் சூட்டிலேயே அது சூடாகிவிடும். சாஸோடு சேர்ந்துதான் வேக வேண்டும் என்று பிடிவாதம் பிடிப்பவர்கள், தண்ணீரும் பாஸ்தாவும் கீழே, சாஸ் மேலே என்று ஊற்றிக் கலக்காமல் மூடலாம். தண்ணீரில் பெரும்பகுதி வற்றிய பிறகே கிளற வேண்டும்.

இவ்வளவுக்குப் பிறகும் சுவிட்ச் முன்கூட்டியே எழும்பிவிட்டால் மூடியைத் திறந்து, கால் கப் தண்ணீர் விட்டு, மரக்கரண்டியால் அடி வரை துழாவிவிட்டு ஐந்து நிமிடம் சும்மா இருங்கள். அதற்குள் குமிழ் ஆறிவிடும். பிறகு அமுக்கினால் தானாகவே நிற்கும். அக்கா மகனுக்கும் இதைத்தான் சொன்னேன். “கரண்டியை எடுத்தால் மறுபடி எழும்பிவிடுமே, சித்தி?” என்றான். எழும்பட்டும், அதற்காகத்தான் அதைச் செய்து வைத்திருக்கிறார்கள் என்றேன்.

அடுப்புக் கணக்கில் தண்ணீர் ஊற்றுவது

இத்தாலியர்களின் அடுப்பு வாய்ப்பாடு ஒன்று உண்டு: 100 கிராம் பாஸ்தா, 1 லிட்டர் தண்ணீர், 10 கிராம் உப்பு. வெந்ததும் வடித்துவிடுகிறார்கள், ஆகவே அங்கே அது சரி. குக்கரில் வடிக்கிற பேச்சே இல்லை. அத்தனை தண்ணீரும் வற்றினால்தான் சுவிட்ச் எழும்பும்; அதற்குள் பாஸ்தா கரைந்து சுவரொட்டி ஒட்டும் பசையாகியிருக்கும்.

100 கிராம் குட்டைப் பாஸ்தாவுக்கு 225 முதல் 250 மில்லி தண்ணீர் என்று தொடங்குங்கள். வெந்த பாஸ்தாவின் எடை உலர்ந்ததைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு. ஆக, அது குடிப்பது 100 மில்லியோ சற்று அதிகமோதான். மீதி ஆவியாகப் போகிறது. பாஸ்தா இரட்டிப்பானால் ஆவியும் இரட்டிப்பாகப் போவதில்லை. அதனால் 200 கிராமுக்கு 425 மில்லி போதும். முழுக்கோதுமைப் பாஸ்தா இன்னும் சற்றுக் கேட்கும்.

குக்கரோடு வரும் பிளாஸ்டிக் கப் இருக்கிறதே, அது பலரைக் கவிழ்த்திருக்கிறது. அது பெரும்பாலும் 180 மில்லி; ஜப்பானியர்களின் ‘கோ’ என்கிற பழைய அரிசி அளவு. செய்முறைகளில் வரும் ‘ஒரு கப்’ 240 மில்லியை ஒட்டியது. “இரண்டு கப் ஊற்றினேன், அப்படியும் வேகவில்லை” என்று சொல்பவர்கள் கையில் பார்த்தால் அந்தக் குட்டிக் கப்தான் இருக்கும். பாத்திரத்தின் உட்சுவரில் உள்ள கோடுகளும் அரிசிக்குப் போட்டவை.

உப்பு

வடிக்காத தண்ணீரின் உப்பு முழுவதும் தட்டுக்கு வரும். 200 கிராமுக்கு அரைத் தேக்கரண்டி. சாஸிலும் சீஸிலும் இருப்பது தனி.

பாக்கெட்டில் போட்ட நேரத்தை நம்புவது

பாக்கெட்டில் 9 நிமிடம் என்று இருந்தால், அது கொதிக்கிற தண்ணீரில் போட்ட கணத்திலிருந்து 9 நிமிடம். குக்கரில் நீங்கள் பச்சைத் தண்ணீரில் தொடங்குகிறீர்கள். கொதி வருவதற்கே பத்து நிமிடம் ஆகலாம். கொதி வந்து ஆறேழு நிமிடம் கழித்து ஒன்றை எடுத்துக் குறுக்கே கடித்துப் பாருங்கள். வெட்டுவாயின் நடுவே சுண்ணாம்புபோல் ஒரு வெள்ளைக் கோடு தெரிந்தால் இன்னும் வேக வேண்டும். அது ஊசிமுனை அளவுக்குச் சுருங்கிவிட்டால் பதம் வந்துவிட்டது. அப்போது தண்ணீர் கொஞ்சம் மிச்சமிருந்தாலும் சுவிட்சை நீங்களே மேலே தள்ளிவிடலாம். ஏனோ இது பலருக்குத் தோன்றுவதே இல்லை. எழும்பவிடாமல் தடுப்பதற்குக் கரண்டியெல்லாம் தேடுகிறவர்கள், தாமாக எழுப்பிவிடத் தயங்குகிறார்கள். மிஞ்சிய மாவுத்தண்ணீர் வீணில்லை. சாஸை ஊற்றிக் கிளறும்போது அதுதான் பாஸ்தாவோடு பிடித்துவைக்கும்.

நுரை

பாஸ்தாவிலிருந்து கரையும் மாவுச்சத்து நுரைத்து, ஆவித் துளை வழியாகப் பொங்கி, பாத்திரத்துக்கும் தட்டுக்கும் நடுவே இறங்கும். மேசையைத் துடைப்பதோடு எல்லாரும் நிறுத்திவிடுகிறார்கள். உள்ளே இறங்கியது காய்ந்து கருகிக் குமிழின் மேல் ஒட்டிக்கொள்ளும். குமிழுக்கும் பாத்திரத்துக்கும் நெருக்கம் போய்விடும். அடுத்த முறை சுவிட்ச் எப்போது எழும்பும் என்பது அதற்கே வெளிச்சம். குக்கர் ஆறியதும், பிளக்கைப் பிடுங்கிவிட்டு, ஈரத்துணியால் தட்டையும் குமிழையும் துடைத்துவிடுங்கள்.

பொங்காமல் இருக்கப் பாத்திரத்தைப் பாதிக்கு மேல் நிரப்பாதீர்கள். ஒரு தேக்கரண்டி எண்ணெய் நுரையை அடக்கும். எண்ணெய் விட்டால் சாஸ் ஒட்டாது என்பது வடித்தெடுக்கும் பாஸ்தாவைப் பற்றிய சண்டை, நமக்கு அது வேண்டாம். கொதி வந்த முதல் ஐந்து நிமிடம் மூடியைச் சற்றுச் சாய்த்து வைத்து, அந்த நேரத்திலேயே இரண்டு முறை கிளறிவிடுங்கள். பாஸ்தா கட்டிகட்டியாக ஒட்டிக்கொள்வதும் அப்போதுதான்.

ஸ்பாகெட்டியை நிற்கவைப்பது

சின்னக் குக்கரில் முழு நீளம் நுழையாது. மூழ்கிய பாதி குழைந்து, நின்ற பாதி விறைத்திருக்கும். உடைத்துப் போடுங்கள். உடைப்பது பாவம் என்று நினைப்பவர்கள் அகலமான தட்டில் குளிர்ந்த நீர் விட்டு ஒன்றரை மணி நேரம் ஊறவைக்கலாம். வெளுத்து, ரப்பர்போல் வளையும். பிறகு குக்கரில் கால் கப் தண்ணீரோடு ஓரிரு நிமிடக் கொதியே போதும்.

பாலும் சீஸும்

கடைசியில். பிளக்கைப் பிடுங்கிய பிறகு.

பச்சை இறைச்சியை ‘வார்ம்’ நிலையில் வேகவைப்பது

கூடவே கூடாது.

‘வார்ம்’ நிலையில் விட்டுவிட்டுக் குளிக்கப் போவது

சூட்டிலேயே கிடக்கும் பாஸ்தா மிச்சமிருக்கும் ஈரத்தையும் சாஸையும் குடித்துக்கொண்டே இருக்கும். நேற்று அக்கா மகன் அடுத்த படத்தை அனுப்பினான். பதம், நிறம், எல்லாம் நன்றாகவே இருந்தன. கரண்டி மேசையில் இருந்தது. பின்னால் குக்கரில் ‘வார்ம்’ விளக்கு எரிந்துகொண்டிருப்பதை நான் கவனித்துச் சொல்வதற்குள் அவன் காணாமல் போய்விட்டான். முக்கால் மணி நேரம் கழித்துச் செய்தி வந்தது: “சித்தி, குளித்துவிட்டு வந்து பார்த்தால் எல்லாம் குழைந்து கிடக்கிறது. ஏன்?”