சங்கத் தேர்தல் தகராறா? முதலில் சர்டிபிகேட்டை எடுங்கள்

ஆந்திராவில், சித்தூர் பக்கம் நகரியில் எங்கள் சங்கம் சின்னது. ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுத்துத் திருத்தணிக்கு நடக்கிறவர்களுக்கு நீர்மோர், சாப்பாடு. பிள்ளைகளுக்கு மாலையில் தமிழ் வகுப்பு. அவ்வளவுதான். அதற்கே இரண்டு தலைவர், இரண்டு பொதுக்குழு, இரண்டு ரப்பர் ஸ்டாம்பு என்று ஆகிவிட்டது. பொருளாளராக இருந்த நான் கோர்ட்டுக்கு அலைந்ததில் தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

யார் ஜெயித்தார் என்பதைப் பிறகு பேசலாம். முதலில் பதிவுச் சான்றிதழைத் தேடி எடுங்கள். எந்தச் சட்டத்தில் பதிவு, சங்கத்தின் பதிவு முகவரி எந்த ஊர், இந்த இரண்டும்தான் எந்தக் கோர்ட் என்பதைச் சொல்லும். எங்கள் பக்கத்தில் இது லேசான விஷயமில்லை. 1953-ல் ஆந்திரா பிரிந்தபோது நாங்கள் அந்தப் பக்கம் போனோம். 1960-ல் திருத்தணியும் பள்ளிப்பட்டும் தமிழ்நாட்டோடு சேர்ந்தன, நகரி இங்கேயே நின்றுவிட்டது. உறுப்பினர்களில் பாதிப் பேர் இன்றும் பள்ளிப்பட்டுப் பக்கம்தான். அதை வைத்து எதிரணி எல்லை தாண்டி ஒரு கோர்ட்டில் வழக்குப் போட்டது. ஏழு மாதம் கழித்து, உரிய கோர்ட்டில் போடுங்கள் என்று மனு திரும்பி வந்தது. உறுப்பினர் வீடு எங்கே இருந்தால் என்ன, சங்கத்தின் பதிவு முகவரியும் தேர்தல் நடந்த இடமும் நகரிதான். உங்களுக்கும் இப்படி ஆனால் பயப்பட வேண்டாம். நல்லெண்ணத்தோடு தவறான கோர்ட்டில் வழக்கு நடத்திய காலத்தைக் காலவரையறைச் சட்டம் 14-வது பிரிவு கழித்துக்கொடுக்கும். செலவான பணத்தை யாரும் கழித்துத் தர மாட்டார்கள்.

ஆந்திரச் சங்கங்களுக்கு 2001-ஆம் ஆண்டுச் சங்கப் பதிவுச் சட்டம். 1860-ஆம் ஆண்டு மத்தியச் சங்கப் பதிவுச் சட்டத்தில் பதிவான பழைய சங்கங்களும் இப்போது இதற்குள்தான். அதில் 23-வது பிரிவைப் படியுங்கள். சங்க விவகாரத்தில் தகராறு வந்தால், உறுப்பினர் ஒருவரே 1996-ஆம் ஆண்டு மத்தியஸ்த (ஆர்பிட்ரேஷன்) சட்டப்படி போகலாம், இல்லையென்றால் மாவட்ட நீதிமன்றத்தில் மனு போடலாம். முன்சீப் கோர்ட்டில் சாதாரண வழக்காகப் போட்டால் இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டா என்ற கேள்வியிலேயே வருடம் ஓடிவிடும். பதிவாளரிடம் போய் நின்றும் பயனில்லை. நிர்வாகிகள் பட்டியலை வாங்கிக் கோப்பில் வைப்பார், எந்த அணி உண்மையான அணி என்று தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் அவருக்கு இல்லை. இரண்டு அணியும் பட்டியல் கொடுத்தோம், முத்திரை விழுந்த நகலை ஆளுக்கொன்று கையில் வைத்துக்கொண்டு சண்டை போட்டோம்.

எல்லா ஊரிலும் இதே கதை என்று நினைக்காதீர்கள். என் மைத்துனர் இருப்பதும் சித்தூர்தான், ஆனால் பாலக்காட்டுச் சித்தூர். அது பழைய கொச்சி ராஜ்யம், ஆகவே அங்கே 1955-ஆம் ஆண்டுத் திருவிதாங்கூர்–கொச்சிச் சட்டம். அதன் 25-வது பிரிவில் மாவட்ட நீதிமன்றம் போக, மூன்றில் ஒரு பங்கு உறுப்பினர்களோ நிர்வாகக் குழுவில் பெரும்பான்மையோ கையெழுத்துப் போட வேண்டும். பக்கத்திலேயே பாலக்காடு டவுன் பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த பழைய மலபார் என்பதால் 1860 சட்டம். ஒரே மாவட்டம், இரண்டு சட்டம்!

சரி, மனுவில் என்ன வைப்பது? பைலாவின் (சங்க விதிகளின்) தேர்தல் விதி, உறுப்பினர் பதிவேடு, நோட்டீஸ் அனுப்பிய தபால் ரசீது, மினிட்ஸ். இவை எல்லாருக்கும் தெரியும். எங்களைக் காப்பாற்றியது சந்தா ரசீதுப் புத்தகம். எதிரணி 31 புது உறுப்பினர்களைக் காட்டியது. எல்லா ரசீதிலும் மார்ச் மாதத் தேதி, எண் 212-லிருந்து ஆரம்பம். 205-ஆம் ரசீதோ அதற்குப் பிறகு வந்த ஆகஸ்டில் அன்னதான அரிசிக்காக நானே கிழித்துக்கொடுத்தது, அப்படியானால் 212 மார்ச்சில் எப்படி வரும்? சித்தூர் வக்கீலிடம் அடிக்கட்டையைக் காட்டியதும், "பொருளாளர் ஐயா, இதை முதல் நாளே எடுத்து வந்திருக்கக்கூடாதா?" என்று தலையில் கை வைத்துக்கொண்டார்.

இன்னொரு தொல்லை மொழி. எங்கள் மினிட்ஸ் முழுக்கத் தமிழ், கோர்ட்டுக்குத் தெலுங்கோ இங்கிலீஷோ வேண்டும். தெலுங்கில் பொதுக்குழு 'சர்வசப்ய சமாவேசம்', செயற்குழு 'கார்யவர்க்கம்'. மொழிபெயர்த்தவர் ஓர் இடத்தில் மாற்றி எழுதிவிட, ஒன்பது பேர் கூடிய செயற்குழுக் கூட்டம் கோரம் (குறைந்தபட்ச வருகை) இல்லாத பொதுக்குழுவாகிவிட்டது. ஒவ்வொரு வரியையும் நீங்களே உட்கார்ந்து ஒப்பிட்டுப் பாருங்கள்.

தேர்தல் அறிவித்த பிறகு அதை நிறுத்தச் சொல்லிப் போனால் கோர்ட் லேசில் தடை தராது. முடியட்டும், பிறகு முடிவை எதிர்த்து வாருங்கள் என்பதே வழக்கம். நீங்கள் ஜெயித்த அணி என்றால் உடனே கேவியட் போட்டு வையுங்கள். எதிரணி தடை கேட்டால் உங்களுக்குத் தெரியாமல் உத்தரவு வராது. கேவியட் 90 நாள்தான் செல்லும், மறக்காமல் திரும்பப் போட வேண்டும். மனுவோடு இடைக்கால மனுவும் போட்டு, வங்கிக் கணக்கில் யார் கையெழுத்துப் போடுவது என்று கேட்டுவிடுங்கள். நாங்கள் கேட்கவில்லை. அந்த ஆடிக்கு அரிசி கடனில் வந்தது.

அப்புறம், அசல் ஆவணம் கோர்ட்டுக்குள் போகும் முன் பக்கம் பக்கமாக ஜெராக்ஸ் எடுத்துக்கொள்ளுங்கள். எங்கள் ரசீதுப் புத்தகம் இன்னும் கோர்ட்டில்தான் இருக்கிறது. போன வாரம் புதுப் புத்தகம் அச்சடித்து வந்தது, எண் 1-லிருந்து.