காக்னி பேச்சு காதில் விழுந்தால்: லண்டனுக்குப் புதிதாக வருபவர்களுக்கு

ஈஸ்ட் ஹாமிலோ இல்ஃபோர்டிலோ வீடு பிடித்துக் குடியேறுபவர்கள் பலர் ஐஇஎல்டிஎஸ் எழுதித் தேறித்தான் வந்திருப்பார்கள். அப்படியிருந்தும் வேலைக்குப் போன புதிதில், சொல் ஒவ்வொன்றும் தெளிவாகக் கேட்கும், பேச்சு மட்டும் பிடிபடாது. "ஹேவ் எ புச்சர்ஸ் அட் திஸ்" என்று ஒருவர் காகிதத்தை நீட்டுவார். கசாப்புக் கடைக்கும் அந்தக் காகிதத்துக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. "இதைக் கொஞ்சம் பாருங்கள்" என்கிறார், அவ்வளவுதான்.

கிழக்கு லண்டனின் உழைக்கும் மக்களான காக்னிகளின் ரைமிங் ஸ்லாங் இது. சொல்ல வந்த சொல்லுக்குப் பதிலாக, அதோடு ஓசை ஒத்து முடியும் ஒரு தொடரைச் சொல்வார்கள். நம் யாப்பில் இயைபு என்கிறோமே, அதே வேலைதான். ஸ்டேர்ஸ் என்ற படிக்கட்டு 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' ஆகும். ஃபோன் 'டாக் அண்ட் போன்' ஆகும். இதுவரை ஊகித்துவிடலாம். ஆனால் ஓசை ஒத்த அந்தக் கடைசிச் சொல்லையே பல சமயம் விழுங்கிவிடுவார்கள். லுக் என்பதற்கு 'புச்சர்ஸ் ஹுக்'. அதில் ஹுக் போய்விடும். லைஸ் என்ற பொய்க்கு 'போர்க் பைஸ்'. அது சுருங்கி 'போர்க்கீஸ்'. ஹெட்டுக்கு 'லோஃப் ஆஃப் பிரெட்'. "யூஸ் யுவர் லோஃப்" என்றால் மூளையைக் கொஞ்சம் பயன்படுத்து என்று பொருள். அதனால் சம்பந்தமே இல்லாத ஒரு சொல் வந்து விழுந்தால், அதோடு வழக்கமாகச் சேர்ந்து வரும் சொல் எது, அது எதைப் போல ஒலிக்கிறது என்று யோசித்துப் பாருங்கள்.

1859-ல் லண்டனில் அச்சான ஒரு கொச்சைச் சொல் அகராதியிலேயே இதற்குத் தனிப் பட்டியல் உண்டு. தெருவில் கூவி விற்றவர்களின் பேச்சு அது. இன்று பழைய காக்னி குடும்பங்கள் பல டாகன்ஹாம், ரோம்ஃபோர்ட், பாசில்டன் பக்கம் நகர்ந்துவிட்டன. இளைஞர்களின் லண்டன் பேச்சும் வேறாகிவிட்டது. ஆகவே இதை அதிகம் கேட்கப்போவது வயதானவர்களிடம்தான்.

முதியோர் இல்லத்திலோ மருத்துவமனையிலோ பணிக்கு வருபவர்கள் இந்தப் பகுதியை நிதானமாகப் படியுங்கள். ஒரு பாட்டி "மை பிளேட்ஸ் ஆர் கில்லிங் மீ" என்றால் அவர் தட்டைப் பற்றிப் பேசவில்லை. 'பிளேட்ஸ் ஆஃப் மீட்', அதாவது ஃபீட். கால் வலிக்கிறது என்கிறார். நீரிழிவு உள்ளவர் என்றால் உடனே பாதத்தைப் பார்க்க வேண்டும். நீங்கள் தலையாட்டிவிட்டு நகர்ந்தால், அவர் மறுபடி சொல்லாமலே இருந்துவிடக்கூடும். "ஐ'ம் எ பிட் மட்டன்" என்றால் காது மந்தம்: 'மட் அண்ட் ஜெஃப்', டெஃப். 'ஹேங்க் மார்வின்' என்றால் ஸ்டார்விங், நல்ல பசி. 'பிரௌன் பிரெட்' என்றால் டெட். யாரையோ இழந்ததைச் சொல்கிறார் என்று புரிந்துகொண்டு அதற்கேற்றபடி முகத்தை வைத்துக்கொள்ளுங்கள். புரியாவிட்டால் அப்படியென்றால் என்னவென்று கேட்டுவிடுங்கள். பலர் ஆசையாகவே சொல்லித்தருவார்கள். நோயாளி குறிப்பில் எழுதும்போது மட்டும் நேரான ஆங்கிலச் சொல்லையே எழுதுங்கள்.

"ஃபேன்சி எ ரூபி?" என்று யாராவது கேட்டால் சாப்பிடக் கூப்பிடுகிறார்கள். கர்ரி என்று இங்கே சொல்லும் குழம்புச் சாப்பாட்டுக்கு 'ரூபி மர்ரி'. பெல்ஃபாஸ்டில் பிறந்த பாடகி அவர். 1955-ல் ஒரே வாரத்தில் அவருடைய ஐந்து பாடல்கள் பிரிட்டிஷ் பாடல் தரவரிசையில் முதல் இருபதுக்குள் இருந்தன. ஒரு பாடகியின் பெயர் நம் ஊர்ச் சாப்பாட்டில் வந்து ஒட்டிக்கொண்டதில் எனக்குத் தனிப் பிரியம் உண்டு.

அப்புறம், உச்சரிப்பு. 'டீ லீஃப்' என்றால் தீஃப், திருடன். ஆனால் அந்தத் தீஃப் உங்கள் காதில் 'ஃபீஃப்' என்று விழலாம். காக்னி வாயில் 'த்' ஒலி 'ஃப்' ஆகிவிடும். மூன்று என்ற த்ரீயும் இலவசம் என்ற ஃப்ரீயும் ஒன்றாகவே ஒலிக்கும். விலையோ மருந்தளவோ ஃபோனில் சொன்னால், எண்ணைத் திருப்பிச் சொல்லி உறுதிசெய்யுங்கள். நாம் அழுத்திச் சொல்லும் 'ர்' இங்கே பல சொற்களில் கேட்கவே கேட்காது. அதனால் சாஸும் சோர்ஸும் ஒரே ஒலி, பிடித்தார் என்ற 'காட்', நீதிமன்றம் என்ற 'கோர்ட்' இரண்டும் ஒரே ஒலி.

பழைய கார் வாங்கப் போனால் காசுக்கும் தனிச் சொற்கள் உண்டு. இவற்றில் ஓசை விளையாட்டு இல்லை, அப்படியே தெரிந்துவைக்க வேண்டியதுதான். குவிட் ஒரு பவுண்ட், ஸ்கோர் 20, போனி 25, மங்கி 500. ஆனால் காரே 'போனி' என்று யாராவது சொன்னால் அது குப்பை என்று அர்த்தம், வாங்காதீர்கள்.

கேட்டுப் புரிந்துகொள்ளுங்கள், ஆனால் நேர்முகத் தேர்விலோ வார்டிலோ நீங்களாக எடுத்துவிடாதீர்கள். முட்டாள் என்ற அளவில் சாதாரணமாகப் புழங்கும் 'பெர்க்', அபத்தம் என்ற பொருளில் வரும் 'கோப்ளர்ஸ்' இரண்டுக்கும் பின்னால் மறைந்திருப்பவை பச்சையான உடலுறுப்புச் சொற்கள். வந்த புதிதில் நன்றி சொல்ல 'சியர்ஸ்', 'டா' இரண்டும் போதும்.